நாலு மணி டாமி

பழவங்காடிப் பிள்ளையாருக்குத் தேங்காய் உடைகிற சத்தம் காதில் விழுகிற தூரத்தில் ஒரு டூல்ஸ் கடை இருக்கிறது. அதன் கவுண்டரில் ஆறுமுகநயினார் முப்பத்து மூன்று வருஷம் நின்றார். உட்கார ஒரு ஸ்டூல் உண்டு. அதில் அவர் உட்கார்ந்து யாரும் பார்த்ததில்லை. அவருடைய சோற்றுப் பாத்திரம்தான் அதில் முதலாளி மாதிரி உட்கார்ந்திருக்கும்.

அவருக்கு அங்கே என்ன வேலை என்று கேட்டால், பெயர் சொல்கிற வேலை. கடைக்கு வருகிறவர்களில் பாதிப் பேருக்கு என்ன வேண்டும் என்று தெரியும். அதன் பெயர் தெரியாது. "அண்ணாச்சி, ஒரு சாதனம் வேணும்" என்பார்கள். இந்த ஊர் மலையாளத்தில் குண்டூசியும் சாதனம்தான், கிரேனும் சாதனம்தான். வித்துராவிலிருந்து முதல் பஸ் பிடித்து வருகிற எஸ்டேட் மெக்கானிக் ஒருவர், ஐந்து விரலையும் கவிழ்த்துக் காற்றைக் கவ்விப் பிடித்து, "இப்படிப் பிடிச்சு, இப்படி இழுக்கும்" என்று காட்டுவார். நயினார் கண்ணை மூடிக் கேட்பார், சோழி உருட்டின ஜோசியர் மாதிரி. கண்ணைத் திறக்காமலே, "புல்லர். ரெண்டு காலா, மூணு காலா?" என்பார். மெக்கானிக்குக்கு உடம்பு சிலிர்த்துப் போகும். தன் மனசில் இருந்ததற்கு ஒருவன் பெயர் சொல்லிவிட்டால் யாருக்கும் அப்படித்தான் இருக்கும்.

கடையில் இவ்வளவு பெயரையும் செலவழித்துவிட்டு வருவதாலோ என்னவோ, மணக்காட்டில் வீட்டு வாசலை மிதித்ததும் அந்த வாய் ஷட்டரை இறக்கிவிடும். சோறு, குடை, சாவி, கொசுவத்தி. ஒரு ராத்திரிக்கு அவருக்கு நாலு வார்த்தை போதும். மனைவி சரோஜத்தைக் கூப்பிட ஒரு வார்த்தை தனியாக உண்டு: "இங்கேரு." அவளும் இங்கே பார்ப்பாள். முப்பத்தொரு வருஷம் பார்த்தாள்.

சரோஜம் என்ற பெயர் மட்டும் அவர் வாயில் வந்ததே இல்லை. மகள் ஸ்ரீலட்சுமி பிறந்த அன்று, ஆஸ்பத்திரிக் கவுண்டரில் நர்ஸ் "பேஷண்ட் பேரு?" என்று கேட்டபோது, நயினார் வியர்த்து நின்று, "நாகர்கோவில்காரி" என்று சொல்லியிருக்கிறார். நர்ஸ் அதை அப்படியே எழுதிவிட்டாள். அது சுருங்கி, மூன்று நாள் அந்த வார்டில் சரோஜத்துக்கு நாகரம்மா என்று பெயர். இந்தக் கதையைச் சரோஜம் கல்யாண வீடுகளில் சொல்லிச் சொல்லி எல்லாரையும் சிரிக்க வைப்பாள். சிரிப்பு அடங்கினதும் இலையில் கிடக்கிற அப்பளத்தைக் கொஞ்ச நேரம் நொறுக்கிக்கொண்டிருப்பாள். அதை யாரும் கவனிக்க மாட்டார்கள்.

ஸ்ரீலட்சுமி காலேஜில் படிக்கும்போது ஒருநாள் அப்பாவைப் பிடித்துக்கொண்டாள். "அப்பா, ஒரே ஒரு தடவை அம்மாவைப் பேர் சொல்லிக் கூப்பிடுங்க. நான் வீடியோ எடுக்கணும்."

"என்னதுக்கு? அவளுக்குத் தன் பேரு மறந்து போச்சா?"

அடுக்களையிலிருந்து சரோஜம், "மறந்துதான் போச்சு" என்றாள். அவர் பேப்பரைத் திருப்பினார்.

இன்னொரு பழக்கமும் அவருக்கு உண்டு. தினமும் சாயங்காலம் நாலு மணிக்குக் கடையிலிருந்து ஃபோன் வரும். "பால் வந்துட்டா?" "வந்துட்டு." "சரி, வைக்கேன்." அவ்வளவுதான் பேச்சு. சொசைட்டிப் பால் இருபது வருஷமாக நாலுக்கு முன்னால் வந்துகொண்டிருக்கிறது. இதில் தினமும் கேட்க என்ன இருக்கிறது என்று சரோஜத்துக்கு எரிச்சல். அந்த நேரத்தில்தான் அவளுக்குக் கொஞ்சம் கண் அசரும். சில நாள் ஃபோனை எடுத்து அவர் வாய் திறக்கும் முன்பே "வந்துட்டு" என்று வைத்திருக்கிறாள்.

போன வருஷம் மழை தொடங்கின வாரம், நாலு மணிக்கு ஐந்து நிமிஷம் இருக்கும்போது அந்த ஃபோன் வந்தது. பேசியது அவர் இல்லை. கடையில் கூட வேலை பார்க்கிற பினு. அண்ணாச்சி கவுண்டர் பக்கத்தில் விழுந்துவிட்டார் என்றான்.

பத்தொன்பது நாள் ஆஸ்பத்திரி. வலது கையும் வலது காலும் போயின. பேச்சு போயிற்று. சொல்வதெல்லாம் அவருக்குப் புரிகிறது, ஆனால் சொல்ல வராது என்றார் டாக்டர். ஆறாம் நாள் காலையில் சரோஜம் அவர் முகத்தைத் துடைத்துக்கொண்டிருந்தபோது, அவர் அவளையே பார்த்து, கோணின வாயை எப்படியோ கூட்டிச் சேர்த்து, முதல் வார்த்தையைச் சொன்னார்.

"டாமி."

சரோஜத்துக்கு முதலில் சந்தோஷம், பிறகுதான் குழப்பம். பேச்சு வந்துவிட்டது. ஆனால் வந்தது நாயின் பெயர். அவர்கள் வீட்டில் நாயே வளர்த்ததில்லை. அடுத்த கட்டில்காரர் எட்டிப் பார்த்து, "வீட்ல நாயை யாரு பாத்துக்கிடுதா?" என்று அக்கறையாகக் கேட்டார்.

ஸ்ரீலட்சுமிக்குக் கழக்கூட்டத்தில் கம்ப்யூட்டர் கம்பெனி வேலை. எதையும் கேட்டுத் தெரிந்துகொள்கிற பெண். அவள் பினுவுக்கு ஃபோன் போட்டாள். டாமி என்றால் என்ன என்று கேட்டாள்.

"அது ஒரு கம்பி, மோளே. டூலு. பாக்ஸ் ஸ்பானருக்குள்ளது" என்றான் பினு. "வேற வல்லதும் சொன்னாரோ?"

"வேற ஒண்ணும் வரல்ல."

"ம்" என்று வைத்துவிட்டான்.

அப்படித்தான் தெரிந்தது, முப்பத்து மூன்று வருஷம் சேர்த்து வைத்திருந்த அத்தனை பெயர்களிலும் ஒரு கம்பியின் பெயர்தான் மிச்சம் என்று. இப்படி ஒரே ஒரு சொல் தங்கிப் போவது உண்டு, எது தங்கும் என்று யாராலும் சொல்ல முடியாது என்றார் டாக்டர்.

வீட்டுக்கு வந்த பிறகு நயினாருக்கு எல்லாமே டாமி. பசித்தால் டாமி, வலித்தால் டாமி. அந்தக் காலத்தில் கடைக்கு வந்து "ஒரு சாதனம்" என்று நின்றவர்கள் நிலைமை இப்போது அவருக்கு. எதிரில் கண்ணை மூடிக் கேட்டுப் பெயர் சொல்ல வேண்டியவள் சரோஜம். அவளும் விடவில்லை. தினசரிக் காலண்டரில் கிழித்த தாள்களின் பின்பக்கத்தில் எழுத ஆரம்பித்தாள். இழுத்துச் சொன்னால் ஃபேன். வெட்டிச் சொன்னால் மூத்திரப் பாத்திரம், அதுவும் உடனே. மூக்கால் சொன்னால் இட்லி ஆறிப்போச்சு. ரெண்டு தடவை சேர்த்து, ரெண்டாவதை உயர்த்திச் சொன்னால் டிவியில் சண்டை போடுகிறார்கள், மாற்று. ஒரு மாதத்தில் பதினாலு அர்த்தம் சேர்ந்தது. ஸ்ரீலட்சுமி அதை வாசித்துவிட்டு, "அம்மா, இதை ஆப்பா போடலாம்" என்றாள். ரெண்டு பேரும் அடுக்களைக்குள் போய்ச் சிரித்தார்கள். கட்டிலிலிருந்து ஒரு டாமி வந்தது. "எதுக்குச் சிரிக்கிய" என்று அர்த்தம். பதினைந்து.

ஒரே ஒரு டாமி மட்டும் பிடிபடவில்லை. அது நாலு மணிக்கு வரும். மற்றதெல்லாம் ஏதாவது ஒன்றைப் பார்த்துச் சொல்வது, ஃபேனையோ, பாத்திரத்தையோ. இது சரோஜத்தைப் பார்த்துச் சொல்வது. சத்தம் கூடாது, குறையாது. பைய, பஞ்சு வைத்த மாதிரி, "டாமி." அவள் டீ கொடுத்துப் பார்த்தாள். பால் கொடுத்துப் பார்த்தாள். ஜன்னலைத் திறந்தாள், மூடினாள். காலைப் பிடித்துவிட்டாள். பிள்ளையார் திருநீறு பூசினாள். ஒவ்வொன்றுக்கும் அவர் தலையை இல்லை என்று ஆட்டி, மறுபடியும் அவளையே பார்த்து அதையே சொல்வார். அவள் தாளில் எழுதினாள்: நாலு மணி டாமி, தெரியல்ல. பேனாவால் அதன் அடியில் ரெண்டு கோடு போட்டாள்.

பக்கத்து வீட்டு யோசுவாவுக்குத் தெரிந்துவிட்டது. பஸ் கண்டக்டராக இருந்து ரிட்டயர் ஆனவர். கூட்டத்தில் யாருக்கு எங்கே இறங்க வேண்டும் என்று முகத்தைப் பார்த்தே தெரியும் என்று நம்புகிறவர். ஒருநாள் வாழைக்காய்ப் பெட்டி ஒன்றைத் தூக்கிக்கொண்டு வந்தார். உள்ளே செம்பட்டை நிறத்தில் ஒரு நாய்க்குட்டி.

"மனுசன் இத்தனை நாளா உயிரைக் கொடுத்துக் கேக்காரு. உங்களுக்கு இரக்கமே இல்லையா அக்கா?"

"அண்ணாச்சி, அது நாய் இல்ல. கம்பி."

"கம்பிக்கு யாராவது டாமின்னு பேரு வைப்பானா?"

சரோஜம் பெட்டியை வாங்கி வைத்தாள். குட்டி கட்டிலுக்கு அடியில் இடம் பிடித்தது. நாலே நாளில் அதற்குத் தன் பெயர் தெரிந்துவிட்டது. நயினார் ஃபேனுக்காகச் சொன்னாலும் இட்லிக்காகச் சொன்னாலும் குட்டி வாலை ஆட்டிக்கொண்டு ஓடி வந்து முன்னால் நிற்கும். அவர் அதை வெறுப்போடு பார்ப்பார். பிறகு, வந்ததே என்று, இடது கையைத் தொங்கவிட்டுத் தலையைத் தடவுவார்.

வாரத்துக்கு ரெண்டு நாள் பேச்சுப் பயிற்சி கொடுக்க பத்மஜா வந்தாள். முப்பது வயசு இருக்கும். பொறுமைசாலி. அவள் அட்டைகளை அடுக்கி வைத்துக்கொண்டு, முதலில் சரோஜத்தைத்தான் உட்கார வைத்தாள். காலண்டர் தாள்களைப் பூராவும் வாசித்தாள். வாசித்து முடித்து, அவற்றை மெல்லக் கவிழ்த்து வைத்தாள்.

"அம்மே, இது நல்ல சிநேகம். பக்ஷே இதுதான் கஷ்டம். அவர் டாமின்னு சொன்னா ஃபேன் வருது, சோறு வருது, எல்லாம் வருது. பின்னே அவர் எதுக்கு வேற வாக்கு தேடணும்?"

"அப்போ நான் என்ன செய்யணும்?"

"அந்த வாக்கு வந்தா யாரும் திரும்பிப் பாக்கக் கூடாது. வேற சப்தம், என்ன சப்தமானாலும் சரி, வந்த உடனே கை தட்டணும். எல்லாரும். அந்த நாயையும் இங்கேருந்து மாத்திடுங்க."

சரோஜம் சேலைத் தலைப்பை விரலில் சுற்றிக்கொண்டு, மகளுக்குக் கேட்காத குரலில் கேட்டாள். "எம் பேரு வருமா?"

"வரும். ஸ்வந்தம் ஆள்களோட பேர் கொஞ்சம் கடைசியா வரும். படம் ஒட்டிப் பழக்கலாம்."

"இதுக்கு முன்னாலயும் சொன்னதில்ல" என்றாள் சரோஜம். பத்மஜா அதை வேடிக்கை என்று நினைத்துச் சிரித்தாள்.

அன்று சரோஜம் பழவங்காடி இருக்கும் திசையைப் பார்த்துக் கும்பிட்டு நேர்ந்துகொண்டாள். டாமி போய் வார்த்தை வந்தால் பதினோரு தேங்காய். மனசுக்குள், எம் பேரு வந்தா இன்னும் பதினொண்ணு, என்று சேர்த்தாள். பிள்ளையாரிடம் பேரம் பேசுவது அவளுக்குப் பழக்கம்தான்.

குட்டி சுவருக்கு அந்தப் பக்கம், யோசுவா வீட்டுக்குத் திரும்பியது. வீட்டில் சட்டம் அமலுக்கு வந்தது. அவர் டாமி என்றால் ஸ்ரீலட்சுமி லேப்டாப்பைப் பார்ப்பாள், சரோஜம் சுவரைப் பார்ப்பாள். பத்மஜா மட்டும் ஆள்காட்டி விரலைத் தூக்கி, இடமும் வலமுமாக மெல்ல ஆட்டுவாள். அது இல்லை, வேறு. அட்டையைக் காட்டுவாள். மற்ற டாமிகளைத் தாங்கிக்கொள்ள முடிந்தது; அர்த்தம் தெரியும், சாமர்த்தியமாக ஃபேனை முன்கூட்டியே போட்டுவிடலாம். நாலு மணிதான் கஷ்டம். முதல் நாள் அவர் பதினோரு தடவை சொன்னார். சரோஜம் முதுகைக் காட்டிக்கொண்டு, சுத்தமாக இருந்த பால் பாத்திரத்தைச் சாம்பல் போட்டு விளக்கினாள். சுவருக்கு அந்தப் பக்கம் குட்டி மட்டும் ஒவ்வொரு தடவையும் குரைத்துப் பதில் சொன்னது.

அடுத்த வாரம் ஐந்து தடவையானது. பிறகு ரெண்டு. பிறகு உதடு மட்டும் அசையும், சத்தம் வராது. ஒருநாள் நாலு மணிக்கு அவள் பாத்திரத்தை விளக்கி முடித்துத் திரும்பிப் பார்த்தபோது, அவர் முகம் சுவர்ப் பக்கம் திரும்பியிருந்தது. தூங்கவில்லை. கண் திறந்துதான் இருந்தது. சரோஜம் சட்டம் வேலை செய்கிறது என்று நினைத்தாள்.

நிஜமாகவே வேலை செய்தது. கார்த்திகையில் "வெள்ளம்" வந்தது. பத்மஜாவின் அட்டைப்படி தண்ணீருக்கு அதுதான் பெயர். எல்லாரும் கை தட்டினார்கள். ஃபோனில் சங்கரன்கோவில் நாத்தனாருக்கு, "வெள்ளம்னு சொல்லிட்டாரு" என்றதும், அவள் பதறிப்போய், "ஐயோ, வீட்டுக்குள்ள வந்துட்டா?" என்று கேட்டாள். தை பிறந்ததும் சோறு வந்தது. கை வந்தது. ஃபேன் வந்தது. ஒவ்வொன்றும் பத்மஜாவின் ராகத்திலேயே, வெட்டி வெட்டி வரும். பாடம் ஒப்பிக்கிற மாதிரி சொல்லிவிட்டு, கைதட்டலுக்காக ஒரு நிமிஷம் காத்திருப்பார். சரோஜத்தின் போட்டோ ஒட்டின அட்டை ஒன்றும் இருந்தது. அதைக் காட்டினால் மட்டும் வாயைத் திறக்காமல், அட்டையையும் அவளையும் மாறி மாறிப் பார்ப்பார்.

மாசி தொடங்கினபோது, டாமி என்ற சத்தம் அந்த வீட்டில் கேட்டு ஒரு மாதம் ஆகியிருந்தது. சரோஜம் நேர்ச்சையை முடிக்கப் புறப்பட்டாள். ஸ்ரீலட்சுமி அன்று வீட்டிலிருந்தே வேலை பார்த்தாள். பழவங்காடியில் பதினோரு தேங்காயும் ஒரே போடில் சிதறின. ஒன்றுகூட முரண்டு பிடிக்கவில்லை. அந்தச் சந்தோஷத்தில், கையில் பிரசாதத்தோடு, நாலு எட்டு நடந்து டூல்ஸ் கடைக்குள் நுழைந்தாள். கல்யாணமான இத்தனை வருஷத்தில் அந்தக் கடைக்குள் அவள் வருவது அதுதான் முதல் தடவை.

பினு ஓடி வந்தான். "சேச்சி, அண்ணாச்சிக்கு எப்படி?"

"நல்லா இருக்காரு. வெள்ளம் கேக்காரு, சோறு கேக்காரு. அந்த டாமி போயே போச்சு பினு. ஒரு மாசமா வாயில வரல்ல. அந்தச் சனியனை ஒழிக்க நான் பட்ட பாடு பிள்ளையாருக்குத்தான் தெரியும்."

பினு பிரசாதத்தை வாங்கக் கையை நீட்டினவன், நீட்டினபடியே நின்றான். "ஒழிச்சோ?"

"ஆமா. டாமின்னா மூஞ்சியைத் திருப்பிக்கிடணும்னு டீச்சர் சட்டம். அப்படி என்ன பெரிய கம்பி அது? எடு, ஒரு தடவை பாத்துக்கிடுதேன்."

அவன் உள்ளே போய் ரெண்டு சாமான் கொண்டு வந்தான். ஒன்று தடித்த இரும்புக் குழாய். அதன் தலைப்பக்கத்தில் எதிரெதிராக ரெண்டு ஓட்டை. இன்னொன்று, ஒரு சாண் நீளத்தில், சுண்டுவிரல் கனத்தில், ஒரு கம்பி. பார்க்க ஒன்றுமே இல்லை. ஜன்னல் கம்பியில் ஒரு துண்டு என்று தூக்கிப் போட்டுவிடலாம்.

"இது பாக்ஸ் ஸ்பானர். பள்ளத்துக்குள்ள இருக்கிற நட்டைப் போய்ப் பிடிக்கும். பக்ஷே பிடிச்சா போதாதே, திருப்பணும். திருப்ப இதுக்குக் கை கிடையாது." கம்பியை ஓட்டையில் நுழைத்துத் திருப்பிக் காட்டினான். "இதாணு டாமி. ஸ்பானரை யாரும் தொலைக்கிறதில்ல சேச்சி. இதைத்தான் தொலைப்பான். சின்னது, எங்க வெச்சோம்னு நினைவு இருக்காது. அப்புறம் இதுக்காக மட்டும் வித்துராலருந்து பஸ் ஏறி வருவான்."

சொல்லிக்கொண்டே வந்தவனுக்குக் கண் நிறைந்துவிட்டது. "இதுக்கு ஏன் நீ அழுத?" என்றாள் சரோஜம்.

பினு முகத்தைத் தோளில் துடைத்துக்கொண்டான்.

"அப்படி ஒரு மெக்கானிக் வந்தான். மூணாவது தடவை தொலைச்சுட்டு. அண்ணாச்சி அவனைப் பிடிச்சு ஏசினாரு. 'ஸ்பானர் எம்புட்டுப் பெருசா இருந்தா என்னவே, டாமி இல்லன்னா அது சும்மா குழல், ஊதத்தான் ஆகும். எங்க வீட்ல ஒண்ணு இருக்கு, நாகர்கோவில் மேக்கு. இத்தனை வருஷத்துல நான் தொலைச்சிருக்கனா?'ன்னு கேட்டாரு. அந்த மடையன், 'என்ன சைஸ் அண்ணாச்சி?'ன்னான். கடையே சிரிச்சுது. அன்னைலருந்து..."

சரோஜம் கம்பியையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"அன்னைலருந்து?"

"சேச்சியாக்கும் டாமி. 'டாமிக்கு முட்டு வலி, இன்னிக்கு சீக்கிரம் போறேன்.' 'டாமி வெச்ச அவியல், தின்னு பாரு.' 'டாமியோட தங்கச்சி மகளுக்குக் கல்யாணம், ரெண்டு நாள் வர மாட்டேன்.' வீட்ல சொல்லிடாதே, அவ கொன்னுடுவான்னு சத்தியம் வாங்கிருக்காரு. அவரு ஃபோன்லயும் உங்க நம்பருக்கு அதாணு பேரு. அன்னிக்கு ஞான் உங்களை விளிச்சது அதுலருந்துதான்."

"மோளு கேட்டப்போ ஏன் சொல்லல்ல?"

"கட்டின பெண்ணைக் கம்பின்னு கேலி பண்ணினாருன்னு, அப்படிக் கிடக்கிற மனுசனைப் பத்தி எப்படிச் சொல்லுவேன்? தானே சரியாகி வருவாருன்னு நினைச்சேன்."

சரோஜத்துக்கு முதலில் சிரிப்புதான் வந்தது. "கம்பியா நான்" என்றாள். சிரிப்பு பாதியில் எங்கேயோ மாட்டிக்கொண்டது. "நாலு மணிக்கு?" என்று கேட்டாள்.

"தினமும் நாலு மணிக்கு, எவ்வளவு கூட்டம் நின்னாலும், 'டாமியை விளிச்சிட்டு வாரேன்'னு வெளியே போவாரு. ரோட்டுல நின்னு பேசிட்டு, சிரிச்ச முகமா வருவாரு. என்ன பேசினாருன்னு கேட்டா, 'பால் வந்துட்டாம்' என்பாரு. அன்னிக்கும் அதைச் சொல்லத்தான் வாயெடுத்தாரு. டாமின்னு தொடங்கினாரு. முடிக்கல்ல."

ஸ்டூலில் அன்று யாருடைய சோற்றுப் பாத்திரமும் இல்லை. சரோஜம் அதில் உட்கார்ந்தாள். பிள்ளையார் கோயில் பக்கமிருந்து தேங்காய் உடைகிற சத்தம் வந்துகொண்டே இருந்தது. யார் யாருக்கோ எது எதுவோ கிடைத்துக்கொண்டிருந்தது. பினு தண்ணீர் கொண்டு வந்து வைத்தான். அவள் குடிக்கவில்லை. பதினோரு தடவை என்றாள். எதைச் சொல்கிறாள் என்று அவனுக்குத் தெரியவில்லை. பால் பாத்திரம் சுத்தமாத்தான் இருந்தது என்றாள்.

எழுந்தபோது கம்பியை அவன் கையிலிருந்து எடுத்துக்கொண்டாள். "கொண்டு போங்க" என்று பினு சொல்லும்போது அவள் ரோட்டில் ஆட்டோவுக்குக் கை காட்டிக்கொண்டிருந்தாள். மணி மூன்றரை தாண்டியிருந்தது. நாலுக்குள்ளே போகணும் என்று ஆட்டோக்காரரிடம் ரெண்டு தடவை சொன்னாள். ஆஸ்பத்திரியா என்று அவர் கேட்டார். வீடு என்றாள்.

வீட்டு வாசலில் பால் வந்திருந்தது. செருப்பைக் கழற்றினது நினைவில்லை. நயினார் தலையணையில் சாய்ந்து உட்கார்ந்திருந்தார். மடியில் பத்மஜாவின் அட்டைகள் பரவிக் கிடந்தன. உள் அறையில் ஸ்ரீலட்சுமி லேப்டாப்பில் மலையாளத்தில் யாருடனோ மீட்டிங் பேசிக்கொண்டிருந்தாள். சரோஜம் கட்டிலுக்கு நேரே, நாலு மணிக்கு அவர் எந்த இடத்தைப் பார்ப்பாரோ அந்த இடத்தில் போய் நின்றாள். கம்பியை அவர் கண்ணுக்கு நேரே பிடித்தாள்.

"ஏங்க. டாமி வந்திருக்கேன்."

சுவருக்கு அந்தப் பக்கம் குட்டி குரைத்தது. இப்போது அதன் குரல் கொஞ்சம் தடித்திருந்தது.

நயினார் கம்பியைப் பார்த்தார். அவளைப் பார்த்தார். வாய் லேசாகத் திறந்து நாக்கு மேலே மடங்கியது, ட என்ற எழுத்துக்கு மடங்குகிற மாதிரியே. அவள் கம்பியை இன்னும் கிட்டே நீட்டினாள். ஆனால் வாய் மூடிவிட்டது. அவர் இடது கையை மெல்லத் தூக்கினார். ஆள்காட்டி விரலை நீட்டி, அவள் முகத்துக்கு நேரே இடமும் வலமுமாக ஆட்டினார். அது இல்லை, வேறு.

"இல்லைங்க, அதுதான். எனக்குத் தெரிஞ்சு போச்சு. பினு சொன்னான். பால் வந்துட்டு பாருங்க. டாமிதான் நான். சொல்லுங்க."

அவர் விரலை இன்னும் அன்பாக ஆட்டினார். தப்புச் சொல்கிற பிள்ளையிடம் பொறுமையாக இருப்பது எப்படி என்று அவருக்கு இப்போது தெரியும். மடியில் கிடந்த அட்டைகளை ஒற்றைக் கையால் கிளறி, போட்டோ ஒட்டின அட்டையைத் தேடி எடுத்தார். அதை அவள் பக்கம் திருப்பிக் காட்டினார். கோணின வாயை நேராக்கப் பாடுபட்டார். கழுத்து நரம்பு புடைத்தது.

"ச... ரோ... ஜம்."

சொல்லிவிட்டு, அவர் காத்திருந்தார்.

உள் அறையில் மீட்டிங் நின்றது. ஸ்ரீலட்சுமி ஓடி வந்து வாசலில் நின்றாள். "அம்மா, உன் பேரு. அப்பா உன் பேரைச் சொல்லிட்டாரு" என்றாள். அழுதுகொண்டே கை தட்ட ஆரம்பித்தாள். தட்டிக்கொண்டே, "தட்டும்மா, நீயும் தட்டணும். அவரு பாத்துக்கிட்டிருக்காரு" என்றாள்.

அவர் பார்த்துக்கொண்டுதான் இருந்தார். முப்பத்தொரு வருஷத்தில் முதல் தடவையாகச் சொன்னது சரிதானா என்று தெரிந்துகொள்ள, அவள் கைகளையே பார்த்துக்கொண்டிருந்தார்.

சரோஜம் தட்டினாள். தட்டுவதற்கு, கையிலிருந்த டாமியைக் கீழே வைக்க வேண்டியிருந்தது.